சுருக்கமும் குறையும்

சுருக்கம் என்னுஞ் சொல் இன்று பல்கலைக்கழகத் தமிழிலே மிகப் பரந்த வழக்குடைய சொற்களுள் ஒன்றாகிவிட்டது. நாவலொன்றின் கதையைப் பத்துப் பக்கத்தில் அடக்கினாலும் சுருக்கம். விரிவுரையாளர் வாசிக்க மாணவர் எழுதிக்கொண்ட குறிப்புக்களும் சுருக்கம். பரீட்சைக்கு இரு கிழமைகளுக்கு முன் படப்பிரதி நிலையங்களிற் கைமாறும் தாள்களும் சுருக்கம். ஆய்வேட்டின் முகப்பில் நிற்கும் ஒற்றைப் பக்கமும் சுருக்கம். இன்று கைத்தொலைபேசியில் ஒரு நூலின் பெயரைத் தட்டியவுடன் பொறி சில நொடிகளிற் கக்கித் தருவதும் சுருக்கமே. இத்தனை பொருள்களையும் ஒரு சொல் சுமக்கும்போது, அவற்றுள் எது நல்லது எது தீயது என்று பிரித்துக் காட்டும் ஆற்றலை அச்சொல் இழந்துவிடுகின்றது. சொல் தெளிவிழந்தவிடத்துச் சிந்தனையும் தெளிவிழத்தல் இயல்பே.

இந்நிலைமைக்கு நியாயங் கற்பிப்போரும் உளர். அவர்கள் கூறுவன இரண்டு. முதலாவது, சுருக்கம் என்பது பத்தொன்பதாம் நூற்றாண்டில் ஆங்கிலப் பாடநூல்களின் வழியாக வந்த ஒரு கருத்துக்கு இடப்பட்ட பெயர். அதற்குமுன் தமிழிலே நூல்களைச் சுருக்கும் மரபோ அதற்கென ஒரு கலைச்சொல்லோ இருந்ததில்லை என்பது. இரண்டாவது, சுருக்குதல் என்றாலே வெட்டிக் குறைத்தல்தான். ஆகவே வெட்டப்பட்ட எதனையும் அப்பெயரால் அழைப்பதிற் குற்றமில்லை என்பது. இவ்விரு கூற்றுக்களும் பிழையானவை. முதலாவது வரலாற்றுப் பிழை. இரண்டாவது சொற்பொருட் பிழை. இரண்டாவதன் விளைவே பாரதூரமானதாதலின் அதனை முதற்கண் நோக்குதல் தகும்.

சுருங்கு என்பது தன்வினை. சுருக்கு என்பது பிறவினை. அடங்கு - அடக்கு, ஒடுங்கு - ஒடுக்கு, இறங்கு - இறக்கு என்பனவற்றோடு ஒரு வரிசையில் நிற்பது இவ்விணை. சுருக்கம் பிறவினையடியாகப் பிறந்தமையால், ஒருவன் பிறிதொன்றின்மீது செய்த செயலையே, அதாவது வெட்டுதலையே, அது குறிக்கும் என்று வாதிப்பார் ஏனைய சொற்களை நோக்கினாரல்லர். அடக்கம் என்பது அடங்கியவனது நிலை. மயக்கம் மயங்கியவனது நிலை. கலக்கம் கலங்கியவனது நிலை. வல்லெழுத்து மிக்கு நிற்கும் இப்பெயர்கள் தன்வினைப் பொருளையும் தடையின்றித் தருவன. ஆகவே சுருக்கம் என்பது சுருங்கிய பொருளின் நிலையையும் குறிக்கும் என்பதில் ஐயமில்லை. மலையாளத்திலும் இதே வடிவம் இதே பொருளில் வழங்குதலால் இச்சொல்லின் பழைமையும் புலனாகும்.

இனி, வழக்கை நோக்குக. முதியவரது தோலிற் சுருக்கம் விழுகின்றது. தோல் எங்கும் வெட்டுப்படவில்லை. கயிற்றிற் சுருக்கு இடப்படுகின்றது; கயிற்றின் நீளம் குறையவில்லை. கிழவியின் மடியிலுள்ள சுருக்குப்பை, நூலை இழுத்தவுடன் வாய் ஒடுங்குகின்றது. உள்ளிருந்த வெற்றிலையும் பாக்கும் சில்லறையும் அப்படியே உள. வடக்கிலும் கிழக்கிலும் கடற்றொழிலாளரிடையே ஓயாத வழக்காடலுக்குக் காரணமான சுருக்குவலையும் இப்பெயர் பெற்றது, அடிக்கயிற்றை இழுத்து வலையின் வாயைச் சுருக்குவதனாலேயே. அவ்வலை மீதான குற்றச்சாட்டே அது எதனையும் வெளியே விடுவதில்லை என்பதுதான். இவ்வெடுத்துக்காட்டுக்கள் அனைத்திலும் பொருளின் பரப்பு ஒடுங்குகின்றதேயன்றிப் பொருள் கழிந்துபோவதில்லை. சுருங்கியது விரியும், வெட்டுண்டது விரியாது. சுருக்கத்திற்கு மறுதலை விரிவு என்று தமிழர் கொண்டமைக்குக் காரணம் இதுவே.

திருக்குறளில் மானம் என்னும் அதிகாரத்தே பெருக்கமும் சுருக்கமும் எதிரெதிராக வைக்கப்பட்டுள்ளனவே, அங்குச் சுருக்கம் என்பது வறுமையன்றோ, குறைவன்றோ எனின், அவ்விடமும் மறுப்பாருக்கு உதவாது. செல்வம் சுருங்கிய காலத்திலும் தன் உயர்வினின்று இறங்காத ஒருவனையே அக்குறள் வேண்டுகின்றது. அளவு சுருங்கலாம், தன்மை தாழலாகாது என்னும் அக்கருத்து நூலுக்கும் பொருந்தும்.

முதலாவது கூற்றுக்கு விடை நன்னூற் பாயிரத்திலேயே உளது. பதின்மூன்றாம் நூற்றாண்டின் தொடக்கத்தில் வாழ்ந்த பவணந்தி முனிவர் நூலுக்குரிய அழகுகள் பத்தென வகுத்தார். அவற்றுள் முதலிடம் பெறுவது சுருங்கச் சொல்லல். நூலுக்குரிய குற்றங்களையும் பத்தென வகுத்தார். அவற்றுள் முதலிடம் பெறுவது குன்றக் கூறல். இவ்விரண்டையும் அருகருகே வைத்து நோக்காதவர் நன்னூலைப் பரீட்சைக்காக மனனஞ் செய்தவரேயன்றிக் கற்றவராகார். சுருங்குதல் அழகு, குன்றுதல் குற்றம். இரண்டும் சொற்களின் தொகையைக் குறைப்பனவே. ஆயின் ஒன்றிற் பொருள் நிறைந்து நிற்கின்றது. மற்றையதிற் பொருள் குறைபட்டு நிற்கின்றது. சூத்திரத்தின் இலக்கணத்தைக் கூறுமிடத்தும் அவ்வாசிரியர் கண்ணாடியையே உவமையாக்கினார். சிறிய கண்ணாடி பெரிய உருவத்தை முழுமையாகவே காட்டும். மூக்கை மட்டும் காட்டிக் காதை மறைப்பதில்லை. சுருங்கச் சொல்லலை அடுத்து விளங்க வைத்தல் வைக்கப்பட்டமையும் கருதத்தக்கது. விளங்காத சுருக்கம் அழகுகளுள் ஒன்றாக எண்ணப்படவில்லை.

வெட்டுதலுக்கு இலக்கண நூலார் பெயரிடாமலும் விடவில்லை. செய்யுளிலே ஒரு சொல்லின் தலை கழிந்தால் முதற்குறை. நடு கழிந்தால் இடைக்குறை. ஈறு கழிந்தால் கடைக்குறை. கழிந்தவிடத்துக் குறை என்றே கூறினர். ஓரெழுத்துத் தன் மாத்திரையிற் குறுகி, ஆயினும் தானாகவே நிற்குமிடத்துக் குறுக்கம் என்றனர்: ஐகாரக்குறுக்கம், மகரக்குறுக்கம், ஆய்தக்குறுக்கம் என. ஓரெழுத்தின் அளவிற்கூட இவ்வேறுபாட்டைப் பேணிய ஒரு மொழியில், நானூறு பக்க நூலொன்றின் தலையையும் இடையையும் கடையையும் கழித்து, எஞ்சியதற்குச் சுருக்கம் என்று பெயரிடுவது விந்தையே.

தொகை என்னும் சொல்லும் இத்தொடர்பில் எண்ணத்தக்கது. வேற்றுமைத்தொகை முதலியவற்றைத் தொகை என்றது ஏன் என்பதில் உரையாசிரியர் இருதிறத்தினராக இருந்தமையைச் சேனாவரையர் காட்டுவார். உருபு தொகுதலால் தொகை என்பார் ஒரு சாரார். சொற்கள் பிளவுபடாது ஒன்றாக இயைதலால் தொகை என்பார் மற்றொரு சாரார். எக்கொள்கையைக் கொள்ளினும், மறைந்த உருபின் பொருள் அழிந்ததென்று எவரும் கூறவில்லை. கேட்போன் அதனை விரித்துக்கொள்வான். விரித்துக்கொள்ள இயலாதவிடத்துத் தொகை தொகையாகாது.

மேனாட்டார் வழக்கிலும் இவ்வேறுபாடு சொற்களிலேயே பதிந்துள்ளது. எப்பிற்றோமி என்னும் கிரேக்கச் சொல்லுக்கு அடிப்படை வெட்டுதல் என்னும் வினையாகும். மாறாக, வடமொழியார் வழங்கும் சங்கிரகம் என்பது ஒருங்கே பற்றுதல் என்னும் பொருளது. அதுவே பாளியிலே சங்கஹம் ஆயிற்று. அநுருத்தர் இயற்றிய அபிதம்மத்த சங்கஹம், பரந்துபட்ட அபிதம்மப் பொருளைச் சிறு நூலொன்றிற் பற்றிப் பிடித்ததாய் இலங்கைப் பௌத்தக் கல்வியில் இன்றும் பயிலப்படுகின்றது. தருக்க சங்கிரகத்தை இயற்றிய அன்னம்பட்டர், அதற்குத் தாமே தீபிகை என்னும் விரிவுரையையும் இயற்றினார். சிவஞான முனிவர் சிவஞானபோதத்துக்குச் சிற்றுரையும் கண்டார், மாபாடியமுங் கண்டார். சுருக்கியவரே விரித்தார், விரித்தவரே சுருக்கினார். தமிழ்ச் சொல் சங்கிரகத்தின் பக்கத்தில் நிற்பதா, எப்பிற்றோமியின் பக்கத்தில் நிற்பதா என்பதே வினா. வெட்டுதலைச் சுருக்கம் என்போர், தாம் தமிழ்ச் சொல்லுக்குக் கிரேக்கப் பொருளை ஏற்றுகின்றனர் என்பதை அறியாது ஏற்றுகின்றனர்.

தமிழிலே நூல்களைச் சுருக்கும் மரபு இருந்ததில்லை என்பது மேலும் வியப்பானது. தொல்காப்பிய மரபியல் வழிநூலை நால்வகைப்படுத்துகின்றது. அவற்றுள் முதலாவது தொகுத்தல். பின்னரே விரித்தல், தொகைவிரி, மொழிபெயர்ப்பு என்பன வரும். தொகுத்தவன் நூலாசிரியனாகவே மதிக்கப்பட்டான். பிறர் நூலைக் கத்தரித்தவனாக அன்று. முன்னோர் முடிபைத் தழுவிக்கொண்டு, பின்னோன் தான் வேண்டும் வேறுபாடுகளையுங் கூறி, அழியாத மரபினதாக ஆக்குவதே வழிநூல் என்பது நன்னூலாரின் கருத்து. அவர் நூலே இதற்குச் சான்று. தொல்காப்பியம் எழுத்துக்கும் சொல்லுக்குமாகப் பதினெட்டு இயல்களிற் கூறியதைப் பவணந்தியார் பத்து இயல்களில் அடக்கினார். அடக்கியதோடு அமையாது, தொல்காப்பியத்திலே தனியியலாக இல்லாத பதவியலைப் புதிதாக வகுத்துச் சேர்த்தார். பகுதி, விகுதி, இடைநிலை என்று சொல்லைப் பிரித்துக் காணும் முறையை இன்றுவரை மாணவர் கற்பது அவ்வியலின் வழியாகவே. மூலத்தைச் சுருக்கியவர் மூலத்தில் இல்லாததொன்றைத் தந்தார்! இன்றைய சுருக்கக்காரருள் எவரிடத்து இதனை எதிர்பார்க்கலாம்?

யாப்பருங்கலக் காரிகை இதனினும் நுட்பமான சான்று. அமிதசாகரர் முதலில் யாப்பருங்கலத்தை இயற்றினார். பின்னர் அப்பொருளையே சுருக்கிக் காரிகையாக யாத்தார். சுருக்கியவர் பிறரல்லர், மூல ஆசிரியரே. உறுப்பியல், செய்யுளியல், ஒழிபியல் என்ற மூன்று பகுப்பும் மாறவில்லை. மாறியது வடிவமே. சூத்திர யாப்பை விட்டு, மனனஞ் செய்தற்கு எளிதான கட்டளைக் கலித்துறையை எடுத்துக்கொண்டு, ஒரு பெண்ணை முன்னிலைப்படுத்திப் பாடினார். யார்க்காகச் சுருக்குகின்றோம் என்பதை அறிந்து சுருக்கிய நூல் அது. பயில்வோர் காரிகையைத் தேர்ந்துகொண்டமை அதன் வெற்றிக்குச் சான்று. ஆயினும் யாப்பருங்கலம் வழக்கொழிந்துவிடவில்லை. யாப்பிலே ஐயம் எழுமிடத்து இன்றும் யாப்பருங்கல விருத்தியையே புலமையாளர் நாடுகின்றனர்.

காரிகையிலே முதனினைப்புக் காரிகைகள் எனச் சில உள. உதாரணச் செய்யுள்களின் முதற்சொற்களை மட்டும் ஒன்றன்பின் ஒன்றாகக் கோத்து யாக்கப்பட்டவை அவை. உதாரணச் செய்யுள்களை முன்னரே கற்காத ஒருவன் அவற்றை வாசித்தால் யாதொன்றும் விளங்காது. பொருத்தமற்ற சொற்களின் கோவையாகவே தோன்றும். கற்றவனுக்கோ, ஒவ்வொரு சொல்லும் ஒரு செய்யுளை முழுமையாக நினைவிற் கொண்டுவரும். சுருக்கத்தின் உச்சநிலை என்று இதனைக் கூறலாம். மூலத்தை அறியாதவனுக்கு இது பயன்படவே படாது! சுருக்கம் மூலத்துக்கு மாற்றீடன்று, மூலத்தை அழைக்கும் குரல் என்று அக்காலத்தவர் கருதினர் என்பதற்கு இதனினும் தெளிவான சான்று வேண்டியதில்லை. இக்காலச் சுருக்கங்களோ இதற்கு நேர்மாறானவை. மூலத்தைக் கற்றவனுக்கு அவை பயனில்லை. கல்லாதவனுக்கு மட்டுமே பயன்படுவன. அதுவும் மூன்று மணி நேரத்துக்கு.

யாழ்ப்பாணத்தை நோக்குவோர்க்கு ஆறுமுக நாவலரின் இலக்கணச் சுருக்கம் உடனே நினைவுக்கு வரும். பத்தொன்பதாம் நூற்றாண்டிலேதான் இச்சொல் நூற்பெயராயிற்று, அதுவும் மிஷனரிப் பள்ளிகளின் போட்டியினால் எழுந்த பாடநூலுக்கு, என்று எதிர்த்தரப்பினர் இந்நூலையே தமக்குச் சான்றாக்குவர். போட்டி இருந்தது மெய். அச்சுப்பொறியும் பாடசாலையும் அக்காலத்துப் புதிய கருவிகளாயிருந்ததும் மெய். நூலின் பகுதிகளையொட்டித் தேர்வு வினாக்கள் வைத்த முறையும் புதிதே. ஆயின் அந்நூல் செய்தது யாது? நன்னூலார் சூத்திரத்திற் கூறியதை இளைஞர்க்கு விளங்கும் வசனத்திற் கூறிற்று. எழுத்து, சொல் என்னும் இரு அதிகாரங்களின் பின்னர்த் தொடர்மொழியதிகாரம் என மூன்றாவது அதிகாரமொன்றையும் வகுத்தது. நன்னூலார் பதவியலைச் சேர்த்த அதே மரபு! மேலும், இலக்கணச் சுருக்கம் எழுதிய அதே நாவலர்தாம் நன்னூலை விருத்தியுரையோடு பதிப்பித்தார். அதற்குக் காண்டிகையுரையும் செய்தார். இளைஞன் சுருக்கத்தில் தொடங்குவான், காண்டிகைக்கு ஏறுவான், பின் விருத்திக்கு ஏறுவான். படிகள் மூன்றையும் ஒருவரே கட்டி வைத்தார். முதற்படியை மட்டும் பெயர்த்தெடுத்து வந்து, இதுவே மாடி என்று காட்டுவோர் நாவலரைச் சாட்சிக்கு அழைத்தல் தகாது.

மூலம் அழிந்தவிடத்துச் சுருக்கத்தின் பொறுப்பு வேறாகின்றது. உரோம வரலாற்றாசிரியர் லிவி எழுதியவை 142 நூல்கள், எஞ்சியவை 35. ஏனையவற்றுட் பெரும்பாலானவற்றின் உள்ளடக்கம் சிறு சுருக்கங்களினாலேயே அறியப்படுகின்றது. பொம்பேயஸ் துரோகஸ் என்பார் எழுதிய 44 நூல்களும் அழிந்தன. யுஸ்டீனஸ் செய்த சுருக்கமே நிலைத்தது. தமிழிலும் பன்னிருபடலம் மறைந்தது. அதன் வழிநூலாகிய புறப்பொருள் வெண்பாமாலை எஞ்சியது. இத்தகைய இழப்பு தொலைவான பண்டைக்காலத்துக்கு மட்டும் உரியதன்று. 1981ஆம் ஆண்டு மே முடிவிலும் யூன் தொடக்கத்திலுமாக யாழ்ப்பாணப் பொது நூலகம் எரிக்கப்பட்டபோது ஏறத்தாழ 97,000 நூல்களும் ஏடுகளும் சாம்பலாயின. மீளப் பெறற்கரிய ஏடுகளும் அவற்றுள் இருந்தன. நூலை இழந்த ஒரு சமூகம், நூலைப் பற்றிய பத்துப் பக்கத் தாளே போதுமென்று இருத்தல் எங்ஙனம் பொருந்தும்? எரித்தவர் செய்த வேலையின் மிச்சத்தைப் படிப்பவர் செய்து முடிக்க வேண்டியதில்லை.

இன்றைய குறிப்புப் பழக்கத்துக்கு மாணவரை மட்டும் பழிப்பது நேர்மையன்று. 1960களிலே கலைப்பீடங்களிற் பாடங்கள் தாய்மொழியிற் கற்பிக்கப்படத் தொடங்கியபோது, தமிழிலே உயர்கல்விக்குரிய நூல்கள் அரிதாயிருந்தன. விரிவுரையாளர் ஆங்கில நூல்களைக் கற்று, அவற்றின் கருத்தைத் தமிழில் வாசிக்க, மாணவர் எழுதிக்கொண்டனர். அன்று அது தவிர்க்கவியலாத தேவை, பயனுள்ள தொண்டுமாகும். ஆனால் தேவைக்காக எழுந்த அக்குறிப்பு, தலைமுறை தலைமுறையாகப் படியெடுக்கப்பட்டு, எந்த நூலிலிருந்து எடுக்கப்பட்டது என்ற தடயமே இல்லாமற் போயிற்று. விலை கொடுத்து நூல் வாங்க இயலாத கிராமத்து மாணவனுக்குச் சுருக்கமன்றோ கல்வியைத் தந்தது என்று சிலர் கேட்பர். கேள்வி நியாயமானதே. ஆயின் வசதியுள்ளவன் மூலத்தைப் படிக்க, வசதியற்றவன் மூலத்தின் பெயரையும் அறியாது தாளைப் படிப்பானாயின், அது கல்வியைப் பரப்புதலன்று. கல்வியை இரு தரமாக்குதலேயாகும். நாவலர் செய்ததுபோலப் படிகள் முழுவதையும் கட்டித் தருவதே ஏழை மாணவனுக்குச் செய்யும் உதவி. விரிவுரையாளர் ஒவ்வொரு குறிப்பின் தலைப்பிலும் மூலநூலின் பெயரையும், தாம் விட்டவை இவை என்பதையும் இரு வரியில் எழுதினாலே பாதி நோய் தீரும். யுஸ்டீனஸ்கூட, அறிதற்கு இனியதும் முன்மாதிரிக்கு வேண்டியதும் அல்லாதவற்றைத் தாம் விட்டுவிட்டதாக முகவுரையிற் சொல்லிவிட்டே வெட்டினார்.

பெயர்களையும் திருத்துதல் வேண்டும். முழுப்பொருளும் சிற்றளவில் நின்று, மூலத்தை நோக்கி வாசகனைத் திருப்புவது சுருக்கம். ஒரு நூலிலிருந்தோ பலவற்றிலிருந்தோ தெரிந்தெடுத்துச் சேர்த்தது தொகுப்பு. நினைவுக்காக எழுதியது குறிப்பு. செய்யுளின் கருத்தைத் திரட்டிக் கூறுவது பொழிப்பு. எஞ்சிய யாவும், அதாவது விலைக்கு விற்கப்படுவனவும் பொறி கக்குவனவும், குறை. ‘நாவல் குறை’, ‘வரலாற்றுக் குறை’ என்று அட்டையில் அச்சிட்டு விற்கத் துணிவார் உளரா என்று பார்க்கலாம். பாடசாலையிலே ஒரு பந்தியைத் தந்து மூன்றிலொரு பங்காகச் சுருக்கும்படி கேட்கும் வழக்கத்திலும் ஒரு திருத்தம் செய்யலாம். மாணவன் எழுதியதை வேறொரு மாணவனிடம் கொடுத்து விரிக்கச் சொல்ல வேண்டும். விரித்தது மூலத்தை அணுகுமாயின் முன்னவன் சுருக்கினான். அணுகாதாயின் குன்றக் கூறினான். சொற்களை எண்ணிப் புள்ளியிடும் பரீட்சகருக்கு இது சற்று வேலை கூடியதுதான்.

இவ்விடத்து ஆய்வரங்குகளுக்குக் கோரப்படும் ஆய்வுச் சுருக்கங்களைப் பற்றியும் ஒன்று கூறல் வேண்டும். அரங்கு நிகழுமுன் பல மாதங்களுக்கு முன்னரே அவை கேட்கப்படுகின்றன. ஆய்வு அப்போது தொடங்கியிருக்கவே மாட்டாது. ஆயினும் முந்நூறு சொற்களில் நோக்கமும் முறையும் முடிபும் எழுதி அனுப்பப்படுகின்றன, ஏற்கவும்படுகின்றன. அரங்கு முடிந்தபின் கட்டுரை எழுதப்படாமலே போவதும் உண்டு. சுருங்கியது விரியும் என்பர். விரிந்ததே இல்லாத ஒன்று சுருங்கியதெவ்வாறு என்பதற்குத் தொல்காப்பியரும் பவணந்தியாரும் சூத்திரம் செய்யவில்லை.